கிருபைராஜ் போட்ட சேலைக்கடைக் கார்டு

தச்சநல்லூரில் அதிக முத்தங்களைப் பார்த்தவர் யார் என்று கேட்டால் கிருபைராஜைத்தான் கைகாட்ட வேண்டும். சபையில் காணிக்கைப் பை ஏந்துகிற மனிதர். கேபிள் டிவி நடத்தினார். உள்ளூர் சேனலில் படம் போடுமுன் காலையிலேயே தனியாக உட்கார்ந்து முழுதும் பார்ப்பார். ஒருமாதிரியான இடங்களை நோட்டில் நிமிடத்தோடு குறித்துக்கொள்வார். ஊர் கெட்டுப்போகக் கூடாதாம், இவர் கெட்டால் பரவாயில்லை!

பூவும் பூவும் உரசிய காலத்துப் படங்களில் அவருக்கு வேலையில்லை. பூக்கள் விலகி உதடுகள் வந்த பிறகுதான் திண்டாட்டம். குறித்த நிமிடம் வந்ததும் இசக்கியப்பன் அண்ணாச்சியின் சேலைக்கடை விளம்பரக் கார்டைத் திரையில் போட்டுவிடுவார். கார்டு வந்தால் பின்னால் என்ன நடக்கிறது என்று பச்சைப்பிள்ளைக்கும் தெரிந்துபோனது.

அண்ணாச்சி ஒருநாள் சண்டைக்கு வந்தார். "என்ன வே கிருபை, பொம்பளப் பிள்ளையெல்லாம் என் கடை போர்டப் பாத்துச் சிரிச்சிக்கிட்டுப் போவுதுவ!"

ஆனாலும் ஓசி விளம்பரத்தை நிறுத்தச் சொல்ல அவருக்கு மனம் வரவில்லை.

இப்போது பகல் செய்திக்கு நடுவிலேயே ஆணுறை விளம்பரம் வருகிறது. செட்டாப் பாக்ஸ் வந்தபின் கார்டு போட வழியுமில்லை.

அவர் மகள் டெபோரா சென்னையில் இணையத் தொடர்களுக்கு எடிட்டர். மாப்பிள்ளைப் பேச்சு எடுத்ததிலிருந்து இரண்டு கிறிஸ்மஸாக அவள் வீட்டுக்கு வரவில்லை. அந்தக் குறை அவரைத் தின்றது. போன வாரம் போன் செய்தாள்.

"அப்பா, நான் எடிட் பண்ணுன தொடர் வந்திருக்கு. ஆறாவது பாகத்த மறைக்காமப் பாருங்க. என் கதையும் அதுதான். பாத்துட்டு, நான் வீட்டுக்கு வரலாமான்னு சொல்லுங்க."

ஞாயிறு ஆராதனை முடிந்து வந்து மனைவி இன்பமணியோடு உட்கார்ந்தார். திரையில் ஓர் அடுக்களை, இரண்டு பெண்கள். ஒருத்தி மற்றவளின் நெற்றி வியர்வையைத் துடைத்தாள். முகங்கள் நெருங்கின. பழக்கதோஷம், கிருபைராஜின் கை ரிமோட்டுக்குப் போனது.

"கைய எடுங்க," என்றாள் இன்பமணி. "பிள்ள முழுசாப் பாக்கச் சொல்லிருக்கா."

பார்த்தார். பயமாக இருந்தது. சபை என்ன சொல்லும், சொந்தம் என்ன சொல்லும் என்று நினைத்தார். மகள் இல்லாத மூன்றாவது கிறிஸ்மஸையும் நினைத்தார். போனை எடுத்தார்.

"ஏட்டி டெபோரா, கிறிஸ்மஸுக்கு வா. அந்தப் பிள்ளையையும் கூட்டிட்டு வா. ரெண்டு பேருக்கும் சேலை எடுக்கணும்லா."

"எந்தக் கடையிலப்பா?"

"இசக்கியப்பன் அண்ணாச்சி கடையிலதான்."

மறுமுனையில் டெபோரா சிரித்தாள். சின்ன வயசில் அந்தக் கடை போர்டைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு போனவர்களில் அவளும் ஒருத்தி.