அணையில் லேடீஸ் தங்க வசதியில்லை

அந்த அணையின் பெயரை நான் இங்கே எழுதப் போவதில்லை. அந்தப் பெயரோடு ஒன்றரை வருடம் குடும்பம் நடத்தியாகிவிட்டது, போதும். அணை இருக்கும் ஆற்றுக்கும் அதே பெயர்தான். தண்ணீருக்குள் போன பழைய ஊருக்கும், மேட்டில் கொண்டுபோய் வைத்த புதிய ஊருக்கும், இரண்டுக்கும் பொதுவான அம்மனுக்கும், மின் நிலையத்துக்கும் அதுவே பெயர். பெங்களூரில் ஒரு லேஅவுட்டும் ஒரு லாரி சர்வீசும்கூட அந்தப் பெயரை வைத்துக்கொண்டிருந்தன. போதாததற்கு, ஓர் எழுத்து மட்டும் மாறிய பெயரில் வேறு மாவட்டத்தில் வேறோர் அணை. இவை ஒன்றோடொன்று குழம்பாமல் பிரித்து எழுதுவதுதான், மின்பொறியியல் படித்து முதல் வகுப்பில் தேறிய எனக்குத் தொண்ணூறுகளின் கடைசியில் கிடைத்த வேலை.

கம்பெனி பெங்களூரின் பீன்யா தொழிற்பேட்டையில் இருந்தது. நீர்மின் நிலையங்களுக்கான கன்ட்ரோல் பேனல்கள் செய்தோம். ஆளுயர இரும்புப் பெட்டி. உள்ளே ரிலேக்களும் வயர்களும், வெளியே மீட்டர்களும் பட்டன்களும். டர்பைன் எப்போது சுழல வேண்டும், எப்போது நிற்க வேண்டும் என்று அந்தப் பெட்டிதான் சொல்லும். அந்தப் பெட்டிக்குள் எந்த வயர் எங்கே போக வேண்டும் என்று நான் வரைந்து கொடுப்பேன். வீடு இருந்த ஜீவனஹள்ளியிலிருந்து பஸ் மாறி மாறி பீன்யா வரை போய் வரைவேன். பெட்டி போகும் இடத்துக்கு மட்டும் நான் போனதில்லை.

பெட்டியை அணையில் நிறுவி, தண்ணீரைத் திறந்து, ஒவ்வொரு சர்க்யூட்டாகச் சோதித்து ஓடவிடும் வேலைக்கு கமிஷனிங் என்று பெயர். அதைச் செய்தவர்களுக்குத்தான் எங்கள் கம்பெனியில் மேல்படி. செய்யாதவர்கள் ரிட்டயர் ஆகும்வரை டாக்குமென்டேஷன். எனக்குப் பின்னால் சேர்ந்த பையன்கள் ஒவ்வொருவராக சைட்டுக்குப் போனார்கள், எனக்கு சீனியர்களாகத் திரும்பி வந்தார்கள். நான் கேட்டபோதெல்லாம் மேனேஜர் ஒரே பதிலைத்தான் வைத்திருந்தார்.

"உனக்கென்னம்மா, தாராளமா போகலாம். ஆனா அங்க லேடீஸ் தங்க வசதி இல்லையே. நாளைக்கு ஏதாவது ஒண்ணுன்னா உங்கப்பாவுக்கு நான்ல பதில் சொல்லணும்?"

என் அப்பாவை அவர் பார்த்ததே கிடையாது.

"வசதி எப்ப சார் வரும்?"

"பாக்கலாம். அடுத்த ப்ராஜெக்ட்ல பாக்கலாம்."

போகும் வழியில் நின்று, "அந்தப் பேர் குழப்பத்த மட்டும் ஒரு ஹேண்ட்புக்கா போட்டுரு. இதெல்லாம் லேடீஸ்தான் பொறுமையா செய்வாங்க" என்றார். பொறுமை என்று அவர் சொன்னது வாயைத் திறக்காமல் இருப்பதை.

போட்டேன். கன்னடத்தில் நாலெ என்றால் கால்வாய், நாளெ என்றால் நாளைக்கு. ஆங்கிலத்தில் தட்டச்சு செய்த டிராயிங்குகளில் இரண்டும் ஒரே எழுத்தில்தான் இருந்தன. கேட் என்ற சொல்லுக்கு மட்டும் நான்கு பொருள்: அணையின் உச்சியிலிருக்கும் மதகு, கால்வாய் வாயிலிருக்கும் அடைப்பு, டர்பைனைச் சுற்றித் திறந்து மூடும் இறக்கைகள், அப்புறம் செக்யூரிட்டி பீடி குடிக்கும் இடம். கையேட்டின் முதல் பக்கத்தில் அணையின் பெயர்க்காரணம் வேண்டுமென்றார் மேனேஜர். அவரிடமே கேட்டேன். அவரிடம் மூன்று இருந்தன. டெல்லியிலிருந்து வந்தவர்களிடம் அது சமஸ்கிருதம், தேவியின் கண்ணீர்த்துளி. இங்குள்ள மின்துறை அதிகாரிகளிடம் சுத்தக் கன்னடம், பொன் விளையும் மண். சேலத்து கான்ட்ராக்டரிடம், "ஆதியில நம்ம தமிழ்தாங்க." மூன்று முறையும் நான் பக்கத்திலேயே நின்றிருக்கிறேன். அவர் குரலில் ஒரு சின்னத் தடுமாற்றம்கூட இருந்ததில்லை.

"அந்த ஊர்க்காரங்க என்ன சொல்றாங்க சார்?"

"அவங்களுக்கு என்னம்மா தெரியும்?"

அந்த ஆகஸ்டில் மழை நன்றாகப் பிடித்து, மதகுகளைத் திறந்துவிட்டார்கள். பேப்பரில் படம் வந்தது. மேனேஜரின் மனைவிக்கு அதை நேரில் பார்க்க ஆசை. உடனே ஆபீஸ் ஃபேமிலி டூர் என்று நோட்டீஸ் ஒட்டினார்கள். லேடீஸ் கண்டிப்பாக வர வேண்டும் என்று அதில் அடிக்கோடு வேறு. எங்கள் பேனலும், அதைச் சோதிக்கப் போன ஜூனியர் பையனும் அப்போது அந்த அணையில்தான் இருந்தார்கள்.

"லேடீஸ் எங்க சார் தங்குவோம்?" என்று கேட்டேன்.

"அதெல்லாம் ஃபர்ஸ்ட் கிளாஸ் ஏற்பாடு. நீ ஏன் கவலப்படற?"

கண்ணைக்கூடச் சிமிட்டவில்லை. மனுஷர் பொய் சொல்கிறார் என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன். பொய் சொல்வதற்கு, முன்பு சொன்னதை ஞாபகம் வைத்திருக்க வேண்டும். அந்தச் சிரமம்கூட அவருக்கு இல்லை.

அணைக்கு மேலே மரங்களுக்கு நடுவில் இருந்தது இன்ஸ்பெக்‌ஷன் பங்களா. எங்களுக்குத் தனியாக ஒரு பக்கமே ஒதுக்கியிருந்தார்கள். தேக்குக் கட்டில், சலவை வாசம் போகாத விரிப்பு. நான் முதலில் பாத்ரூமைத்தான் பார்த்தேன், ஒரு இன்ஜினியர் பார்க்க வேண்டிய முறையில். கதவுக்கு உள்பக்கம் தாழ்ப்பாள் இருந்தது. கீசர் வேலை செய்தது. எர்த்திங் சரியாக இருந்தது. என் பதவி உயர்வை ஒன்றரை வருடம் நிறுத்திவைக்கும் அளவுக்கு அதில் எந்தக் குறையும் தென்படவில்லை.

மறுநாள் காலை அணைமேல் நின்று மேனேஜர் எல்லாருக்கும் பெயர்க்காரணம் சொன்னார். இந்த முறை அது அம்மன் பெயராகியிருந்தது.

"நேத்து பஸ்ல வேற என்னமோ சொன்னீங்களே, கண்ணீர்னு?" என்றார் அவர் மனைவி.

"அதும்தான். அம்மனோட கண்ணீர்."

நான் கீழே இறங்கிப் போனேன். டர்பைனிலிருந்து தண்ணீர் வெளியேறும் வாய்க்காலுக்கு மேலே, கரைச் சுவர் வேலை நடந்துகொண்டிருந்தது. பெண்கள் வரிசையாகத் தலையில் சாந்துச் சட்டியோடு ஏறிக்கொண்டிருந்தார்கள். தர்மபுரிப் பக்கத்துத் தமிழ் கேட்டது. சட்டியைக் கொட்டிவிட்டு வந்த ஓர் அக்கா என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"என்னம்மா, சுத்திப் பாக்க வந்தீங்களா?"

"ஆமாக்கா. நீங்க எங்க தங்கறீங்க?"

"தா, அந்தத் தகரக் கொட்டாயிலதான். ரெண்டு வருசமாச்சு."

"இங்க லேடீஸ் தங்க வசதியில்லன்னு எங்க ஆபீஸ்ல சொன்னாங்க."

அவர் பின்னால் வந்தவரைத் திரும்பிப் பார்த்தார். "ஏ, கேட்டியாடி? இங்க லேடீஸ் இல்லியாமே."

"இல்லதான?" என்றார் பின்னால் வந்தவர். "நாம பொம்பளைங்க. லேடீஸு நேத்துதான் பஸ்ஸுல வந்து எறங்குச்சு. நீ பாக்கல?"

"வசதி இல்லன்னு சொல்லி எங்களையும் ஊருக்கு அனுப்பச் சொல்லும்மா உங்க ஆபீசர. புண்ணியமாப் போவும்" என்றார் முதல் அக்கா.

வரிசையே சிரித்தது. நானும் சிரித்தேன், கொஞ்சம் தாமதமாக. கேட் என்ற சொல்லுக்கு நான்கு பொருள் பிரித்து எழுதியவளுக்கு லேடீஸ் என்ற சொல்லைப் பிரித்துப் பார்க்கத் தோன்றவில்லை. அதையே நானும் ஒன்றரை வருடம் திருப்பித் திருப்பிச் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன், வசதி எப்போது வரும் என்று.

மின் நிலையத்துக்குள் ஜூனியர் பையன் எங்கள் பேனல் முன்னால் டிராயிங்கை விரித்துவைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். என்னைப் பார்த்ததும் எழுந்தே விட்டான்.

"அக்கா! உங்களுக்குத்தான் எஸ்டிடி போட்டுப் போட்டுப் பாக்கறேன், லைனே கெடைக்கல. இந்த ட்ரிப் சர்க்யூட் ஏன் இப்படிப் பண்ணுதுன்னு புரியல. இது சரியாகாம டேம்காரங்க டர்பைனுக்குத் தண்ணி விட மாட்டேங்கறாங்க."

ஆபத்தென்றால் டர்பைனைத் தானாக நிறுத்தும் சர்க்யூட் அது. டிராயிங்கின் மூலையில் வரைந்தவர் என்ற கட்டத்தில் என் இனிஷியல் இருந்தது. உட்கார்ந்து பார்த்தோம். பாதிதான் பிடிபட்டது. மீதிக்குத் தண்ணீர் வேண்டும், நாட்களும் வேண்டும்.

"இருந்துட்டுப் போங்கக்கா" என்றான்.

மத்தியானம் பஸ்ஸில் எல்லாரும் ஏறிவிட்டார்கள். மேனேஜர் படியில் நின்று தலைகளை எண்ணிக்கொண்டிருந்தார்.

"என்னம்மா, பேக் எங்க?"

"ரூம்லயே இருக்கு சார். பங்களாவுல சொல்லிட்டேன். நான் டெஸ்டிங் முடிச்சுட்டு வர்றேன்."

"அது எப்படிம்மா? இங்க லேடீஸ் தங்க…"

"ஏங்க, நாங்க தங்குன ரூம்தானே?" ஜன்னலிலிருந்து அவர் மனைவியின் குரல் வந்தது. "நம்ம வீட்டுலகூட அப்படி ஒரு பாத்ரூம் கெடையாது. இன்னும் ரெண்டு நாள் இருக்கலாம்னு நான் காலைலயே சொல்லல?"

"அதில்லடி. பாதுகாப்புன்னு ஒண்ணு இருக்கில்ல."

"அப்ப எங்களையெல்லாம் எந்த தைரியத்துல கூட்டிட்டு வந்தீங்க?"

பஸ்ஸின் பின்பக்கத்தில் யாரோ சிரித்து, சிரிப்பை இருமலாக மாற்றினார்கள். மேனேஜர் வாட்சைப் பார்த்தார். பெயர்க்காரணம் கேட்டிருந்தால் நொடியில் ஒன்று கொடுத்திருப்பார்.

"சரி, ஒரு வாரம். ஸ்பெஷல் கேஸ்."

"முடியற வரைக்கும் சார்."

"பாத்துக்கோ, பாத்துக்கோ." அவர் ஏறிக்கொண்டார். கதவைச் சாத்தும் முன் திரும்பி, குரலைத் தாழ்த்திச் சொன்னார்: "கமிஷனிங் ரிப்போர்ட்ல அந்தப் பையன் பேரும் இருக்கட்டும்மா."

"இருக்கும் சார். என் பேருக்குக் கீழ."

பஸ் கிளம்பியது. மேனேஜரின் மனைவி மட்டும் ஜன்னலில் கையை நீட்டி, "ராத்திரி கதவத் தாழ்ப்பாள் போட்டுக்கோம்மா" என்று கத்தினார். தலையாட்டினேன்.

படியிறங்கி மின் நிலையத்துக்குப் போனேன். வாசலில் மாட்டியிருந்த ஹெல்மெட்டுகள் எல்லாமே ஆண்கள் தலைக்கு வாங்கியவை, எனக்குப் பெரியவை. கொண்டையை உச்சியில் ஏற்றி முடிந்துகொண்டு, அதன் மேல் ஒன்றை மாட்டினேன். நின்றது.