ஒன்பது என்று எழுதியதற்காக

முப்பதுகளின் தொடக்கத்தில், மலாயாவில் ரெங்கத்துக்குப் பக்கத்தில் ஒரு ரப்பர் தோட்டப் பள்ளியில் நடந்தது இது. அப்போது எனக்குப் பத்துப் பதினொரு வயது இருக்கும்.

வாய்ப்பாடு என்றால் எனக்கு உயிர். அம்மாவோடு ரப்பர் மரத்தில் பால் எடுக்கப் போனால், மரத்துக்கு மரம் வாய்ப்பாடு சொல்லிக்கொண்டே நடப்பேன்.

அன்று பரீட்சை. அதில் தேறினால்தான் டவுன் பள்ளிக்குப் போகலாம். ஓர் எண்ணை ஏழால் பெருக்கி ஐந்தைக் கூட்டினால் அறுபத்தெட்டு வருகிறது, அந்த எண் என்ன என்று வாத்தியார் கேட்டார். நான் ஐந்தைக் கழித்தேன். மிச்சம் அறுபத்துமூன்று. ஏழொன்பது அறுபத்துமூன்று. சிலேட்டில் ஒன்பது என்று மட்டும் எழுதினேன்.

பக்கத்தில் கிராணியின், அதாவது தோட்டத்து ஆபீஸ் கணக்குப்பிள்ளையின், மகன். வாத்தியார் வந்து, அவனைப் பார்த்து எழுதினாய் என்று என் சிலேட்டை உள்ளங்கையால் அழித்துவிட்டார். அவன் எழுதியிருந்ததோ எட்டு. பார்த்து எழுதினால் எட்டு எப்படி ஒன்பதாகும்? வாயைத் திறந்தேன், அறை விழுந்தது. வெயிலில் நிற்க வைத்தார்.

ரப்பர் பாலை எடை போட்டுக் கொடுத்துவிட்டுத் திரும்பிய அம்மா என்னைப் பார்த்தார். விஷயத்தைக் கேட்டதும், காலி வாளியோடு என்னையும் இழுத்துக்கொண்டு நேராக வகுப்புக்குள் போனார்.

“எனக்குக் கணக்கு தெரியாதுங்க. வேற ஒன்னு குடுங்க. பக்கத்துல யாரும் வேணாம். நான் இங்கயே நிக்கிறேன்.”

வாத்தியார் வேண்டுமென்றே கடினமாகக் கொடுத்தார். ஓர் எண்ணின் மூன்று மடங்கும் நான்கு மடங்கும் சேர்ந்து எண்பத்துநான்கு. மூன்றும் நான்கும் ஏழு மடங்கு. பன்னிரண்டு என்று, கோபத்தில் சிலேட்டே உடைந்துவிடும்போல அழுத்தி எழுதினேன்.

“சரி,” என்றார் வாத்தியார்.

“என்கிட்ட ஏங்க சொல்றீங்க? அடிச்சது அவளத்தானே, அவகிட்ட சொல்லுங்க,” என்றார் அம்மா.

வாத்தியார் என் பக்கம் திரும்பாமல் புத்தகத்தைப் புரட்டிக்கொண்டே, “பொம்பளப் புள்ளைக்கு இவ்வளவு கணக்கு எதுக்கும்மா?” என்றார்.

அந்த வருடம் டவுன் பள்ளிக்குப் போனவன் கிராணியின் மகன். நான் வாளி தூக்கப் போனேன்.

வயதானால் கோபம் ஆறிவிடும் என்கிறார்கள். எனக்கு ஆறவில்லை, அன்று வகுப்பு நடுவில் எனக்காக நின்ற அம்மாவை நினைக்கும்போது, அது ஆற வேண்டும் என்றும் தோன்றவில்லை.