மஞ்சள் ஒட்டாத இடம்

இந்த ஊரில் ஒரு டாக்டர் என்னை அதிகம் குளிக்காதே என்றார். ஜெர்மனிக்கு மகனோடு வந்து எனக்கு அது முதல் குளிர்காலம். காலையில் ஒரு குளியல், சாயங்காலம் ஒரு குளியல், இரண்டும் கொதிக்கக் கொதிக்க. நார் போட்டுத் தேய்த்தால்தான் எனக்குக் குளித்த மாதிரி இருக்கும். சங்கராபுரம் பக்கத்தில் சேற்றிலும் கரும்புத் தோகையிலும் உழைத்த உடம்பு இது. அழுக்கோடு படுத்தவள் என்று என்னை ஒருவர் சொல்ல முடியாது. அந்த உடம்பை வைத்துக்கொண்டு இங்கே ஓயாமல் சொறிந்துகொண்டிருந்தேன். காலில், இடுப்பில், முதுகில். தடிப்பு இல்லை, கொப்புளம் இல்லை, சாம்பல் பூத்த மாதிரி வெள்ளையாகச் செதில் மட்டும். லிப்டில் ஏறினால் பக்கத்து வீட்டு வெள்ளைக்காரக் கிழவி என் கையைப் பார்ப்பாள், பிறகு சுவரோரம் ஒதுங்கிக்கொள்வாள். அரிப்பைவிட அதுதான் எனக்கு உறைத்தது.

டாக்டரிடம் போகிற அன்று நன்றாகத் தேய்த்துக் குளித்து, முகத்துக்கும் கைகாலுக்கும் மஞ்சள் பூசிக்கொண்டு போனேன். இந்த மஞ்சளைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். என் வீட்டுக்காரர் செத்த பிறகு ஊரில் எனக்கு மஞ்சள் இல்லாமல் போனது. யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. கடையில் பூசுமஞ்சள் கேட்டால் கடைக்காரர் யாருக்கு என்று கேட்பார், அவ்வளவுதான். பாவாடை கட்டின வயசிலிருந்து பூசியது, அவர் கொண்டுவந்து கொடுத்ததல்ல, அவரோடு போவதற்கு. ஆனாலும் விட்டேன். இங்கே குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டால் கேட்பாரில்லை. மருமகள் குழம்புக்கு வாங்கி வைத்திருந்த தூளையே எடுத்துப் பூசினேன். தேசம் விட்டு வந்ததில் எனக்குத் திரும்பக் கிடைத்தது அது ஒன்றுதான்.

டாக்டர் சின்ன வயசுக்காரர். என் முகத்தைப் பார்த்ததும் அவர் முகம் மாறியது. “கெல்ப்” என்றார். மஞ்சளுக்கு இவர்கள் சொல்லும் பேர் அது. என் மகன் முருகன், பூசுகிற மஞ்சள் அது என்று விளக்கினான். அவர் பஞ்சை நனைத்து என் கன்னத்தில் தேய்த்துப் பார்த்தார். பஞ்சு மஞ்சளாக வந்தது. அப்போதும் அவர் சிரிக்கவில்லை. என்னை ஜன்னல் பக்கம் திருப்பி, கண்ணுக்குக் கீழே விரலை வைத்து இழுத்து, வெள்ளை முழியை உற்றுப் பார்த்தார். பிறகு ஏதோ கேட்டார். முருகன் தரையைப் பார்த்தான்.

“யம்மா, ஒண்ணுக்கு இன்னா கலர்ல போவுதுன்னு கேக்குறாரு.”

“ஏன், அவுரு இன்னா கலர்ல போறாராம்?”

“யம்மா, சொல்லும்மா.”

“தண்ணி மாதிரிதான். மான மரியாதி இல்லாத கேள்விடா இது.”

கேள்வி அதோடு நிற்கவில்லை. வெளிக்குப் போவது வெளுத்திருக்கிறதா, உடம்பு இளைத்ததா, வீட்டில் வேறு யாருக்காவது அரிக்கிறதா, விரல் இடுக்கில் உண்டா, புது மாத்திரை ஏதாவது சாப்பிட்டேனா. எல்லாம் கேட்டுவிட்டு ரத்தம் எடுத்தார். அரிப்பு என்றால் எல்லாம் தோலிலிருந்து வருவதில்லை என்றார். பித்தம் இறங்குகிற வழி அடைத்துக்கொண்டாலும், சிறுநீரகம் கெட்டாலும், தைராய்டு கோளாறானாலும், ரத்தமே கெட்டாலும், தோல் மேலே ஒரு புள்ளி இல்லாமல் உடம்பு அரிக்குமாம். நல்ல காலம், என் ரத்தத்தில் ஒன்றும் இல்லை. ஹீட்டர் காற்றும் வெந்நீரும் சோப்பும் நாரும் சேர்ந்து தோலைக் காய வைத்திருந்தன. வெதுவெதுப்பான தண்ணீரில் கொஞ்ச நேரம் குளி, நாரைத் தூக்கி எறி, ஈரம் காய்வதற்குள் இதைத் தடவு என்று ஒரு கிரீம் எழுதிக் கொடுத்தார். அதில் இருக்கும் மருந்து யூரியா என்றான் முருகன்.

“இன்னாடா, நெல்லுக்குப் போடுறத எனக்குப் போடச் சொல்றாரு?”

“ஆமா. நீயும் பச்சையா நில்லு.”

வீட்டுக்கு வந்ததும் இதைச் சொல்லிச் சிரிக்கத் தங்கச்சி பூங்காவனத்தைப் போனில் கூப்பிட்டேன். எங்கள் பிறந்த வீட்டில் மிஞ்சியது நானும் அவளும்தான். கல்வராயன் மலையடியில், கச்சிராயபாளையம் பக்கம் அவளைக் கட்டிக் கொடுத்திருந்தது. வீட்டுக்காரர் இருக்கிறார், குத்தகைக்கு மக்காச்சோளம் போடுகிறார்கள். வீடியோவில் அவள் முகம் எப்போதும் மஞ்சள் பூசி மினுமினுவென்று இருக்கும்.

“காமாலைன்னு நெனச்சிக்கினு கண்ணப் புடிச்சி இழுத்துட்டாருடி.”

“ஒனக்கு மஞ்ச பூச ஜெர்மனி வரைக்கும் போவ வேண்டியிருந்துது பாரு. பூசுக்கா, ஜாஸ்தியாவே பூசு.” சிரித்து முடித்துவிட்டுத்தான் சொன்னாள். “எனக்குந்தான் அரிக்குது. மக்காச்சோளத்துச் சொணை. ஒடம்பு பூரா ஏறிக்கிச்சி.”

தோகையில் இருக்கிற பொடி முள்தான் சுணை, அது ஏறினால் களத்தில் வேலை செய்கிற எல்லாருக்கும் அரிக்கும், ரெண்டு குளியலில் போய்விடும். அவளுக்குப் போகவில்லை. சோளம் அறுத்து, விற்று, காடு காய்ந்த பிறகும் அரித்தது. ஊசி போடுகிறவர் ஒரு ஊசியும் ஆயின்மென்டும் கொடுத்தார், கொஞ்ச நாள் அடங்கிப் பிறகு கூடுதலாகக் கிளம்பியது. அப்போது வீட்டில் எல்லாரும் காணாக்கடி என்று முடிவு செய்தார்கள். என்ன கடித்தது என்று கண்ணுக்குத் தெரியாமல் ஏதோ பூச்சி கடித்து, விஷம் உடம்பில் ஊறுவதற்கு எங்கள் பக்கம் அப்படிப் பெயர். மலையடியில் ஒருவர் வேப்பிலை அடித்து மந்திரிப்பார். போனாள். கஷாயம் கொடுத்தார், பத்தியமும் சொன்னார். புளி கூடாது, கத்தரிக்காய் கூடாது, கருவாடு கூடாது.

அதன் பிறகு எல்லாவற்றுக்கும் கையோடு ஒரு காரணம் இருந்தது. கன்னம் ஒட்டிப் போனது, பத்தியம் என்றார்கள். ஒன்றுக்குப் போகிற நிறம் மாறியது, கஷாயம் என்று அவளே நினைத்துக்கொண்டாள். சோறு பிடிக்கவில்லை, உப்பும் புளியும் கம்மி, எப்படிப் பிடிக்கும் என்றார்கள். முகம் மஞ்சளாக இருந்ததற்கு யாரும் காரணம் தேடவே இல்லை, புருஷன் இருக்கிறவள் முகம் மஞ்சளாகத்தானே இருக்கும். நானும் போனில் பார்த்து, இன்றைக்குக் கொஞ்சம் கூடப் பூசிவிட்டாள் போல என்றுதான் இருந்தேன்.

ஒரு நாள் நான் இங்கே எழுந்ததும் கூப்பிட்டேன். அங்கே வெயில் ஏறியிருந்தது. தலை கலைந்து, கட்டிலில் உட்கார்ந்து, சீப்பை வைத்து உள்ளங்கையையும் உள்ளங்காலையும் வறட்டு வறட்டு என்று சொறிந்துகொண்டிருந்தாள்.

“இன்னாடி, இன்னுமா குளிக்கல?”

“முடியலக்கா. நேத்தும் குளிக்கல.”

குளிக்காதவள் முகத்தில் ஏது மஞ்சள்? வாசல் வெளிச்சத்துக்கு வா என்றேன். கண்ணுக்குக் கீழே விரல் வைத்து இழுக்கச் சொன்னேன். பூசுகிற மஞ்சள் எங்கே வேண்டுமானாலும் ஒட்டும், கண்ணுக்குள் ஒட்டாது. அவள் வெள்ளை முழி எலுமிச்சைத் தோல் மாதிரி இருந்தது.

“ஒண்ணுக்கு இன்னா கலர்ல போற?”

“த்தூ. அந்த ஊருக்குப் போயி நல்லா பேசக் கத்துக்கின. டீத்தண்ணி மாதிரி போவுது. ஏன்?”

அவள் மகன் ஏழுமலையிடம் போனைக் கொடுக்கச் சொல்லி, இன்றைக்கே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போ என்றேன். கள்ளக்குறிச்சிக்கு பஸ்ஸில் கூட்டிப் போனான். ரத்தம் பார்த்தார்கள், ஸ்கேன் எடுத்தார்கள், அங்கிருந்து இன்னும் பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார்கள். பித்தம் இறங்குகிற வழியை ஒரு கட்டி நெருக்கிக்கொண்டிருந்தது. ஈரலுக்கும் பரவியிருந்தது. அறுக்கிற கட்டத்தைத் தாண்டிவிட்டது என்றார்கள். உள்ளே ஒரு குழாய் வைத்து, தேங்கின பித்தத்துக்கு மட்டும் வழி விட்டார்கள்.

குழாய் வைத்த கொஞ்ச நாளில் அரிப்பு நின்றுவிட்டது. அவளுக்குக் கட்டி என்று யாரும் சொல்லவில்லை. காமாலை என்றார்கள், அவளும் நம்பினாள். போனில் இரண்டு உள்ளங்கையையும் விரித்துக் காட்டினாள்.

“பாருக்கா, சொறியவே இல்ல. ஒங்க டாக்டரு கேள்விதான் என்னக் காப்பாத்துச்சி. தையில நீ வா, ரெண்டு பேரும் ஒக்காந்து கருவாட்டுக் கொழம்பு சாப்புடலாம்.”

“வரேன்டி” என்றேன். என் விசா புதுப்பிக்கப் போட்டிருந்தது. அது வராமல் கிளம்பினால் திரும்ப முடியாது என்று முருகன் சொன்னான். திரும்ப வேண்டாம் என்றுகூட நினைத்தேன். ஆனால் அங்கே என் வீடு மழையில் சாய்ந்து கிடக்கிறது.

ஊரிலிருக்கும் நீங்கள் கேட்கலாம், அங்கே மட்டும் என்ன பெரிய வைத்தியம் என்று. மருந்தில் ஒன்றும் பெரிய வித்தியாசம் இல்லை. இங்கே என்னைத் தெரியாத ஒருவர் என் மஞ்சளைச் சந்தேகப்பட்டார். அங்கே அவளைத் தெரிந்தவர்கள் எல்லாரும் அவள் மஞ்சளை நம்பினோம். நினைக்கும்போதெல்லாம் இந்த இடத்தில்தான் வந்து நிற்கிறேன்.

தை பிறப்பதற்கு முன்னாலேயே அவள் போய்விட்டாள். அன்று காலையில் நான் வெந்நீரில், எறியாமல் வைத்திருந்த நாரைப் போட்டுத் தேய்த்துக் குளித்தேன். மஞ்சள் பூசினேன். சுமங்கலியாகப் போனவளுக்குப் பிறந்த வீட்டிலிருந்து மஞ்சள் போக வேண்டும், என்னை விட்டால் அதைக் கொண்டு போக வேறு யாரும் இல்லை. ஏழுமலை போனைக் கட்டில் பக்கம் பிடித்திருந்தான். சுமங்கலிப் பொம்பளைகள் அவளுக்கு மஞ்சள் பூசிக்கொண்டிருந்தார்கள். அங்கே இருந்திருந்தாலும் என்னைப் பூச விட்டிருக்க மாட்டார்கள், பின்னால்தான் நின்றிருப்பேன். திரையில் அவள் முகம், ஓரத்துச் சின்னச் சதுரத்தில் என் முகம்.

“யார்ரா அது போனுல?” என்று ஒரு பொம்பளை கேட்டாள். “பெரியவளா? தாலி இல்லாதவ மஞ்ச பூசிக்கினு குந்திக்கினு கீறா?”

“பெரிம்மா, கொஞ்சம் இரு” என்றான் ஏழுமலை. போனை எங்கேயோ படுக்க வைத்துவிட்டுப் போனான்.

பிறகு எனக்குத் தெரிந்தது பந்தலுக்குக் கட்டின நீலத் தார்ப்பாய் மட்டும்தான். குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றுகிற சத்தம் கேட்டது. என் காலும் முதுகும் அரிக்க ஆரம்பித்தன. கிரீம் பக்கத்தில்தான் இருந்தது. நான் எடுக்கவில்லை. திரை முழுக்க அந்த ஊர்த் தார்ப்பாய் காற்றில் ஏறி இறங்கிக்கொண்டிருக்க, அதன் ஓரத்தில் என் மஞ்சள் முகம் மட்டும் இருந்தது. யாரோ பார்த்துப் போனை அணைக்கிற வரைக்கும் நான் அந்த மஞ்சளைத் துடைக்கவில்லை.