வேஷம் போட்ட முகவரி

போன ஞாயிறு சரோஜா போனில் கூப்பிட்டாள். இங்கே பர்மாவில், மிங்கலா தாங்ஞுன்ட் பேட்டையில் மசாலாப் பொடி விற்கிறவள். கட்டடத்தை இடிக்கப் போகிறார்கள். மாதக் கடைசிக்குள் கடையைக் காலி செய்ய வேண்டும்; அவள் இப்போதே பூட்டிவிட்டாள். இனி வீட்டில் அரைத்து, இணையத்தில்தான் விற்பனை. இணைய முகவரியை அவள் பெயரில், தமிழிலேயே பதிவு செய்து கொடுத்தவன் நான். பழைய கடைவாசலில் அந்த முகவரியோடு ஒரு போர்டு தொங்கினால் வாடிக்கையாளர்கள் தேடி வருவார்கள் என்பது திட்டம்.

“அண்ணே, போர்டைப் பாத்தீங்களா? என் பேரைக் காணோம். எக்ஸ், என், ரெண்டு கோடுன்னு என்னமோ அடிச்சு வெச்சிருக்காரு.”

போய்ப் பார்த்தேன். லத்தா பேட்டையில் போர்டு அடிக்கும் கோ மின், இவள் போனில் அனுப்பியதை அப்படியே ஏற்றியிருக்கிறார்.

விஷயம் இதுதான். இணைய முகவரிகளின் உள்ளறையில் ஆங்கில எழுத்து, எண், சிறுகோடு — இவ்வளவுக்குத்தான் இடம். தமிழ்ப் பெயரோ பர்மியப் பெயரோ, எக்ஸ், என், ரெண்டு கோடு என்று தொடங்கும் இந்த வேஷம் போட்டுத்தான் உள்ளே போக முடியும். பிரவுசர் வேஷத்தைக் கலைத்து நமக்குக் காட்டும். காப்பி எடுத்து அனுப்பினால் சில சமயம் வேஷத்தோடே போய்விடும்...

பதிவுத் தாளை வைத்து எழுத்து எழுத்தாக ஒப்பிட்டேன். ஒரு கோடுகூடத் தவறவில்லை.

“சரியாத்தான் இருக்கு” என்றேன்.

“உங்களுக்கு சரி. ஜனங்க திருட்டு லிங்க்னு ஓடிடுவாங்க. அப்புறம் நான் யாருக்கு அரைக்கிறது?”

புதுப் போர்டு வியாழக்கிழமைதான் என்றார் கோ மின். அதுவரை இதுவே தொங்கியது.

செவ்வாயன்று முதல் ஆர்டர் வந்தது. அனுப்பியவர் க்யிம்யிண்டைங்கில் பிரியாணிக் கடை வைத்திருக்கும் ஊ டின். தமிழில் ஓர் எழுத்து தெரியாது. சரோஜா உடனே அவருக்குப் போன் போட்டாள். பேச்செல்லாம் பர்மிய மொழியில்தான்; அவரை ‘ஊலே’, அதாவது மாமா, என்றுதான் கூப்பிடுவாள்.

“எப்படி ஊலே கண்டுபிடிச்சீங்க?”

“கடை பூட்டியிருந்தது. வாசல்ல பாஸ்வேர்டு மாதிரி ஒண்ணு. பார்த்துப் பார்த்து அடிச்சேன், உன் கடை வந்துட்டது. ஆமா, நான் அடிச்சது ஸ்க்ரீன் மேலே மாறிப்போய், நம்ம எழுத்து மாதிரி வட்டமா இல்லாம மூலை மூலையா ஏதோ எழுத்து வந்ததே... அது என்ன?”

“அதான் ஊலே என் பேரு.”

மறுநாள் இன்னும் சில ஆர்டர்கள். எல்லாம் நம் தமிழ் வீட்டுப் பிள்ளைகள் — தமிழ் கேட்டால் புரியும், எழுத வராது. தமிழில் டைப் செய்யத் தெரிந்தவர்கள் மட்டும்தான் குழம்பு வைக்கிறார்களா? பதிவு செய்தபோது எனக்கு இது தோன்றவே இல்லை.

வியாழக்கிழமை புதுப் போர்டு வந்தது. பளிச்சென்று தமிழில்.

“பழசைக் கழட்டவா, மா சரோஜா?” என்று பர்மிய மரியாதையில் ‘மா’ சேர்த்துக் கேட்டார் கோ மின்.

“தொடாதீங்க கோ மின். அது ஆள் கூட்டிட்டு வருது. இதை மேலே மாட்டுங்க.”

நானும் முகவரியைத் தமிழில் அடித்து ரசப்பொடி கேட்டிருக்கிறேன். இன்னும் வரவில்லை — ஊ டின் ஆர்டர் முடியட்டும் என்கிறாள்.