லெமுவெலுக்கு வந்த முதல் காகிதம்

லெமுவெல் பெலார்மினோ பிறந்ததை அரசாங்கத்திடம் யாரும் சொல்லவில்லை. மழைக்காலம். ஆற்றுப்பாலம் உடைந்து கிடந்தது, நகராட்சி அலுவலகம் அக்கரையில். அப்புறம் போய் எழுதிக்கொள்ளலாம் என்றார் அப்பா. அந்த அப்புறம் வரவே இல்லை. மூன்று வருடம் கழித்துத் தம்பி ரெனாந்தே பிறந்தபோது பாலம் சரியாகியிருந்தது. அவனை மறுநாளே பதிந்துவிட்டார்கள். ஒரு பாலத்தால் இரண்டு பேர் வாழ்க்கை தடம் புரளுமா என்று கேட்டால், எங்கள் சான் எலோயில் புரளும்.

இலோயிலோ மாகாணத்தில் எங்கள் ஊர்ப் பிள்ளைகள் மாதா கோயில் எதிரே இருக்கும் மைதானத்தில்தான் நடக்கவே பழகும். மணிலாக்காரர்கள் கூடைப்பந்து வளையத்தைப் பார்த்துப் பார்த்துக் கழுத்து சுளுக்கிக்கொள்ளட்டும். எங்களுக்குக் கால்தான். அப்பா இறந்ததும் லெமுவெல் ஆறாம் வகுப்போடு பள்ளியை விட்டுப் படகில் ஏறினான். காலையில் வலை, மாலையில் பந்து. பதினைந்து வயதிலும் பன்னிரண்டு வயதுக்காரனின் உயரம்தான். ஆனால் பந்து அவன் காலுக்கு வந்துவிட்டால் கோல்கீப்பரின் அம்மாகூடக் கண்ணை மூடிக்கொள்வாள்.

உயர்நிலைப் பள்ளிக் கோச் மாகாணப் போட்டிக்குப் பதின்மூன்று வயதுக்கு உட்பட்ட அணியைச் சேர்த்துக்கொண்டிருந்தார். ஒரு மாலை மைதான ஓரம் நின்று பார்த்தவர், நேராக வீட்டுக்கு வந்துவிட்டார்.

"சின்னவனோட பொறப்புச் சான்றிதழையும் ஆறாங்கிளாஸ் கார்டையும் குடும்மா. ஒரு வருஷந்தான். போட்டி முடிஞ்சதும் திருப்பித் தந்துடறேன்."

"அப்ப சின்னவன் படிப்பு என்னாவுறது சார்?" என்றாள் அம்மா.

"அடுத்த வருஷம் சேரட்டும். ஒரு வருஷத்துல என்ன குடியா முழுகிடப் போவுது?"

பக்கத்தில் உட்கார்ந்து மீன் முள் எடுத்துக்கொண்டிருந்த ரெனாந்தேதான் ஓடிப்போய்த் தகரப் பெட்டியிலிருந்து காகிதங்களை எடுத்து வந்தான். அண்ணன் ஜெயிக்க வேண்டும், அவ்வளவுதான் அவனுக்கு.

அண்ணன் ஜெயித்தான். இறுதிப் போட்டியில் மட்டும் நான்கு கோல். கோப்பையில் பொறித்த பெயர் ரெனாந்தே பெலார்மினோ. மறுவருடம் உண்மையான ரெனாந்தே புதுச் செருப்பு போட்டுக்கொண்டு பள்ளியில் சேரப் போனான். குமாஸ்தா பதிவேட்டைப் புரட்டிவிட்டு, "நீ ஏற்கெனவே ரெண்டாவது வருஷம் படிக்கிறியேப்பா, போய் உன் கிளாசுல உக்காரு" என்றார். வீட்டுக்கு வந்து இதைச் சொல்லிச் சிரித்தான். அம்மா சிரிக்கவில்லை. அந்த வாரமே அண்ணன் விட்ட இடத்தில், அதே படகில், தம்பி ஏறினான். காகிதத்தைத் திருப்பித் தருவதாகச் சொன்ன கோச் வேறு ஊருக்கு மாற்றலாகிப் போய்விட்டார்.

அப்புறம் லெமுவெலின் காலம் ஓட்டமாக ஓடியது. மணிலாப் பல்கலைக்கழகம் கூப்பிட்டு இடம் கொடுத்தது. அங்கிருந்து கிளப். கிளப்பிலிருந்து தேசிய அணிப் பயிற்சி முகாம். எல்லாம் தம்பியின் பெயரில், தம்பியின் வயதில். இருபத்தைந்து வயதில் அவனை இருபத்திரண்டு வயது அதிசயம் என்று தொலைக்காட்சியில் புகழ்ந்தார்கள். ஊருக்கு எல்லாம் தெரியும். ஊர் வாயே திறக்கவில்லை. நம் பையனை நாமே காட்டிக்கொடுப்பதா? கிளப் ஒருமுறை இலோயிலோ நகரத்துக்கு ஆட வந்தபோது ஊரே லாரி பிடித்துப் போனது. லெமுவெல் கோல் அடித்ததும் கூட்டத்தில் முதல் ஆளாக எழுந்து, "ரெனாந்தே! ரெனாந்தே!" என்று தொண்டை கட்டக் கத்தியவன் ரெனாந்தேதான். தன் பெயரைத் தானே கத்திவிட்டு, குரல் போய், இரண்டு நாள் சைகையில் பேசிக்கொண்டு திரிந்தான்.

இருபத்துநான்கு வயதில் ரெனாந்தேவுக்கு மெர்லின் துணையாக வந்தாள். கடலில் மீன் குறைந்துகொண்டே போனது. தைவான் மீன்பிடிக் கப்பலுக்கு ஆள் எடுத்தார்கள். படிப்பு வேண்டாம், பாஸ்போர்ட் இருந்தால் போதும் என்றார்கள். பாஸ்போர்ட் எடுக்கப் போய் வந்த ரெனாந்தே மணிலாவுக்கு போன் போட்டான்.

"மானோங், பாஸ்போர்ட் ஆபீசுல என் பேரைத் தட்டுனா உன் மூஞ்சி வருது." எங்கள் பக்கம் அண்ணனை அப்படித்தான் கூப்பிடுவோம். "அந்தம்மா என்னை ஏற இறங்கப் பாக்குது. திருடன்னு நெனச்சிருக்கும்."

"இந்த சீசன் முடியட்டும்டா. நானே வந்து எல்லாத்தையும் ஒத்துக்கறேன்."

"ஒத்துக்கிட்டா உன்னை ஆட விடுவாங்களா?"

லெமுவெல் பேச்சைத் திருப்பினான். "நீ வேணா என் பேருல பதிஞ்சுக்கயேன். எனக்குத்தான் எந்தக் காகிதமும் இல்லையே. லெமுவெல்னு எழுதிக்க."

"எனக்குத்தான் பேரு இருக்கே மானோங். இருபத்துநாலு வயசுல நான் எதுக்கு நீயாப் பொறக்கணும்?"

கோபமாகச் சொல்லவில்லை. சிரித்துக்கொண்டேதான் சொன்னான். லெமுவெலுக்குத்தான் அன்று சோறு இறங்கவில்லை. ஆனாலும் அந்த சீசன் முடிந்து அடுத்தது வந்தது. அதுவும் முடிந்து இன்னொன்று வந்தது. ஒவ்வொரு முறையும் இதுதான் கடைசி என்று அவன் நிஜமாகவே நம்பினான். அதுதான் கேவலம். பொய் என்று தெரிந்து சொல்பவனுக்காவது மனசு உறுத்தும்.

மூன்றாவது வருடம் ஜனவரியில் வாடைக்காற்று நிற்காமல் அடித்தது. நான்கு பேர் போன படகில் இரண்டு பேர்தான் திரும்பினார்கள். மூன்றாம் நாள் ரெனாந்தேவைக் கடல் கரையில் போட்டது. மெர்லினுக்கு அப்போது ஆறு மாதம்.

லெமுவெல் மணிலாவிலிருந்து வந்து சேர்ந்தான். அடுத்த திங்கட்கிழமை தாய்லாந்து கிளப் ஒன்றில் கையெழுத்துப் போட வேண்டும். பதினைந்து வருடம் ஓடியது அந்த ஒரு கையெழுத்துக்காக. நகராட்சி அலுவலகத்துக்கு அம்மாவும் அவனும்தான் போனார்கள். ஜன்னலுக்குப் பின்னால் புதிதாக வந்த எழுத்தர், வெளியூர்க்காரர்.

"இறந்தவர் பேரு?"

லெமுவெல் வாயைத் திறந்தான். தம்பியின் பெயரைச் சொல்லத்தான் திறந்தான். இதை அவன் பிற்பாடு ஆயிரம் முறை தனக்குத்தானே சொல்லிக்கொண்டான்.

"லெமுவெல்," என்றாள் அம்மா. அவன் முகத்தைப் பார்க்கவில்லை. "லெமுவெல் பெலார்மினோ. என் மூத்த மவன்."

எழுத்தர் தேடினார். "பொறந்த பதிவே இல்லையேம்மா?"

"வீட்டுல பொறந்தான் சார். மழைக்காலம்."

"பொறந்ததை எழுதாம, செத்ததை எழுத வந்திருக்கீங்க."

அப்போதும் நேரம் இருந்தது. எழுத்தர் பேனாவை உதறினார், மை வரவில்லை, இழுப்பறையில் வேறு பேனா தேடினார். அவ்வளவு நேரமும் லெமுவெல் தன் கையைப் பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு எழுத்தர் எழுதி, முத்திரை குத்தி, ஜன்னல் வழியாக நீட்டினார். முப்பது வருட வாழ்க்கையில் அவன் சொந்தப் பெயரில் வந்த முதல் காகிதம் அதுதான்.

திரும்பும் வழியில் பாலத்தின் மேல் அம்மா நின்றாள். "போனவன் போயிட்டான். இருக்குறவனையும் ஏன் அழிக்கணும்?" என்றாள். பிறகு கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு குமுறிக் குமுறி அழுதாள்.

பாதிரியார் லெமுவெலின் ஆன்மாவுக்காகப் பூசை வைத்தார். லெமுவெல் முன்வரிசையில் நின்று கேட்டான். சிமெண்டுக் கல்லறையில் கறுப்புச் சாயத்தில் லெமுவெல் என்று எழுதினார்கள். மெர்லின் அவன் சட்டையைப் பிடித்தாள்.

"என் புருசன் பேரை எப்ப எழுதுவ மானோங்?"

"ஆட்டத்தை நிறுத்துன அன்னிக்கு. சத்தியமா."

ஏப்ரலில் பெண் பிறந்தது. அப்பா பெயர் என்ன என்று கேட்ட இடத்தை மெர்லின் காலியாக விட்டாள். காகிதப்படி ரெனாந்தே உயிரோடு தாய்லாந்தில் கோல் அடித்துக்கொண்டிருந்தான். செத்தவனை எழுத வழியில்லை, அந்தப் பெயரில் உயிரோடு இருந்தவனை அப்பா என்று எழுத அவளுக்கு மனமில்லை.

தாய்லாந்தில் முதல் வருடம் பதினொரு கோல். மறுவருடம் முழங்கால் போனது. ஊர் திரும்பி, சின்னக் கிளப்புகளில் நொண்டி நொண்டி இரண்டு வருடம் ஆடினான். காகிதத்தில் முப்பத்தொன்று, முழங்காலுக்கு முப்பத்துநான்கு. ஜூன் மாதம் ஆட்டத்தை நிறுத்தினான். செப்டம்பரில் நகரத்து அகாதெமி ஒன்று அவனைச் சிறுவர் அணிக்குக் கோச்சாக எடுத்துக்கொண்டது. பிள்ளைகளின் வயதுச் சான்றிதழைச் சரிபார்ப்பதும் அவன் வேலை. சிரிப்பதா அழுவதா, நீங்களே சொல்லுங்கள்.

நவம்பர் முதல் நாள், கல்லறைத் திருநாள். ஊரே சுண்ணாம்பு வாளியும் மெழுகுவத்தியும் ஓலையில் சுற்றிய இனிப்புச் சோறுமாகக் கல்லறைத் தோட்டத்தில் குவிந்திருந்தது. ஒவ்வொரு வருடமும் கல்லறைக்கு வெள்ளையடித்து, மங்கிய எழுத்துக்குச் சாயம் ஏற்றுவது லெமுவெலின் பங்கு. தன் பெயரைத் தானே புதுப்பிப்பான். இந்த வருடம் மெர்லின் மகளின் கையைப் பிடித்துக்கொண்டு வந்து நின்றாள்.

"ஆட்டம் முடிஞ்சிருச்சு மானோங்."

"தெரியும்."

எழுத்தே தெரியாதபடி வெள்ளையை இழுத்து இழுத்துப் பூசினான். பளிச்சென்று வெறுங்கல். சாயம் தொட்ட தூரிகையைத் தூக்கினான். தம்பியின் பெயரை எழுதப் போகிறான் என்பது மெர்லினுக்குத் தெரிந்தது. இத்தனை வருடத்தில் அவள் முகம் முதல் முறையாகக் கொஞ்சம் இளகியது.

"ரெனாந்தே பெலார்மினோ தானே நீங்க?" நகரத்திலிருந்து சொந்தக்காரர் கல்லறைக்கு வந்திருந்த இளம் ஜோடி. பெண் கையில் போன். "எங்க அக்கா மவன் உங்ககிட்டத்தான் சார் பயிற்சி எடுக்குறான்! ஒரே ஒரு போட்டோ. இது யார் கல்லறை சார்?"

மெர்லின் அவனைப் பார்த்தாள். அம்மா மெழுகுவத்திப் பெட்டியைப் பிரித்துக்கொண்டிருந்தாள். அவள் கை அப்படியே நின்றது.

"என் மானோங்," என்றான் லெமுவெல். "சின்ன வயசுலயே கடலோட போயிட்டாரு."

அவர்கள் வருத்தம் சொன்னார்கள். எழுதி முடிக்கட்டும், பெயரோடு சேர்த்து எடுத்துக்கொள்ளலாம் என்று தள்ளி நின்றார்கள். அவன் திரும்பி, ஈர வெள்ளையின் மேல் முதல் எழுத்தை எழுதினான். லெ.

மெர்லின் கொண்டுவந்த மெழுகுவத்தியையும் சோற்றையும் எடுத்துக்கொண்டு மகளோடு தோட்டத்தின் நடுவிலிருந்த பெரிய சிலுவைக்குப் போனாள். வேற்றூரில் புதைந்தவர்களுக்கும், கடல் கொண்டுபோய்த் திருப்பித் தராதவர்களுக்கும் ஊர்க்காரர்கள் அங்கேதான் விளக்கேற்றுவார்கள். ரெனாந்தே கிடந்த இடத்துக்கும் அதற்கும் இருபதடிகூட இல்லை. அவள் மண்டியிட்டுக் கணவனுக்கு அங்கே ஏற்றினாள்.

அம்மா பெருமூச்சு விட்டாள். "கடைசி எழுத்து கோணுது, பாரு," என்றாள்.

லெமுவெல் குனிந்து அதை நேராக்கினான்.