பதினைந்தாவது கையெழுத்து

எங்கள் பள்ளியில் குடிமையியலைப் பதினெட்டு வருஷம் விழாமல் பிடித்து வைத்திருந்தவர் தோப்ரிலா டீச்சர். மொராவா ஆற்றங்கரையில் உள்ள எங்கள் செர்பியச் சிற்றூரில் அது லேசான வேலை இல்லை. பிள்ளைக்கு வேதபாடமா, குடிமையியலா என்று ஒவ்வொரு செப்டம்பரிலும் பெற்றோர் கையெழுத்துப் போட வேண்டும். பதினைந்து பேர் சேராவிட்டால் வகுப்பு கிடையாது.

"குழந்தைக்கும் கருத்து உண்டு, அதைக் கேளுங்கள்" என்று மாவட்டமெங்கும் மேடையேறிச் சொன்னார். பெற்றோர் கைதட்டிவிட்டுப் பிள்ளைகளை வேதபாடத்தில் சேர்த்தார்கள்.

போன வருஷம் ஏழாம் வகுப்பு பதினான்கில் நின்றது. அது போனால், சம்பளத்துக்கான பாடவேளையில் குறைவதை நிரப்ப டீச்சர் பக்கத்து ஊர்ப் பள்ளிக்குப் பேருந்து ஏற வேண்டும்.

பள்ளியில் வேதபாடம் எடுப்பவர் ரதோஸ்லாவ் பாதிரியார்; எங்கள் சபையில் பாதிரியாருக்கும் மனைவி மக்கள் உண்டு. அப்போது அவர் வீட்டில் ஸ்லாவா, குலப் புனிதர் திருநாள். அதற்கு யாரும் யாரையும் அழைப்பதில்லை. வந்தவரை முகம் வாட அனுப்புவதும் இல்லை. கடவுள் நம்பிக்கை இல்லாத டீச்சர் மெழுகுவத்தி முன் நின்று சிலுவைக்குறி போட்டார், அதுவும் இடவலம் மாற்றி. நான் எதிரே உட்கார்ந்திருந்தேன்.

"என்ன டீச்சர், திடீர்னு பக்தி?" என்றார் பாதிரியார்.

"ஃபாதர், உங்க தியோதோராவை என் ஏழாம் வகுப்புக்குக் குடுங்க. ஒரு ஆள் குறையுது."

"என் பொண்ணையா? ஊரே சிரிக்கும்!"

"ஸ்லாவாவுக்கு வந்தவளை இல்லேன்னு அனுப்பினா மட்டும் சிரிக்காதாக்கும்?"

பாதிரியார் தாடியைத் தடவினார். "எட்டாம் வகுப்புல எனக்கும் ஒரு ஆள் குறையுது. உங்க மகன் ஓக்னியன் அங்கதானே இருக்கான்?"

எட்டாம் வகுப்பில் டீச்சருக்குப் பதினேழு பேர். பேரம் முடிந்தது. பிள்ளைகள் இருவரும் பக்கத்து அறையில் கேக் தின்றுகொண்டிருந்தார்கள். கூப்பிட்டுக் கேட்க வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை, எனக்கும்தான்.

முதல் பாடம், தேர்ந்தெடுக்கும் உரிமை. அங்கே நடந்ததை டீச்சரே எங்கள் ஆசிரியர் அறையில் சொன்னார். தியோதோரா கை தூக்கினாளாம்.

"டீச்சர், என்னை இங்க சேர்த்தது யாரு?"

"உங்க அப்பா. நானும்தான்."

"என்னைக் கேக்கவே இல்லையே."

"இப்பக் கேக்கறேன். இருக்கியா?"

"இல்ல டீச்சர். என் சிநேகிதிங்க எல்லாம் அப்பா வகுப்புலதான் இருக்காங்க."

டீச்சர் படிவத்தைத் திருப்பிக் கேட்டபோது தலைமையாசிரியர் தலையில் கை வைத்துக்கொண்டார். "முத்திரை குத்தியாச்சு தோப்ரிலா! ஒரு வாண்டு பேச்சைக் கேட்டு யாராவது வகுப்பை மூடுவாங்களா?"

"பதினெட்டு வருஷமா நான் அதைத்தானே சொல்லிட்டிருக்கேன்?"

"மேடையில சொன்னா சரி. அதுக்காகச் செய்வாங்களா?"

டீச்சரைப் பாராட்ட என்னிடம் அதிகம் கிடையாது. இதை மட்டும் ஒப்புக்கொள்கிறேன். இப்போது செவ்வாயும் வியாழனும் காலை ஆறு மணிப் பேருந்தில் பக்கத்து ஊர்ப் பள்ளிக்குப் போகிறார். ஓக்னியனையும் கேட்டாராம். அவன் வேதபாடத்தை விட்டு வர மறுத்துவிட்டான். அங்கே கோயில் மணியை அடிக்க விடுகிறார்களாம்.