மத்தாப்புப் பெட்டியில் சிரித்த பிள்ளை

நம்பினால் நம்புங்கள், நம்பாவிட்டால் போங்கள். போன தீபாவளி சீசனில் பாண்டிலட்சுமிக்கு நடந்ததை நான் கூட்டியும் சொல்லவில்லை, குறைத்தும் சொல்லவில்லை.

சிவகாசியில் ஓர் அச்சகம். பட்டாசுப் பெட்டிக்கு லேபிள் டிசைன் செய்வது அவள் வேலை. கம்பி மத்தாப்புக்குச் சிரித்த முகமாக ஒரு சின்னப் பிள்ளை வேண்டும், சாயங்காலத்துக்குள் முடித்தாக வேண்டும் என்று முதலாளி அய்யாதுரை சொல்லிவிட்டார். நெட்டில் துழாவி ஒரு படத்தை இறக்கினாள். ரெட்டைச் சடை, முன்பல் விழுந்த சிரிப்பு. படத்தின் பெயர் IMG-20180922-WA0014. பார்த்ததுமே அவளுக்குப் புரிந்தது, இது மாடல் பிள்ளை இல்லை. 2018 செப்டம்பரில் யாரோ வாட்ஸப்பில் யாருக்கோ அனுப்பிய வீட்டுப் படம், கை மாறி மாறி நெட்டுக்கு வந்திருக்கிறது. யார் பெற்ற பிள்ளையோ, நமக்கென்ன? ‘மத்தாப்பு’ என்று பெயர் மாற்றிச் சேமித்தாள்.

சாப்பிட்டுவிட்டு வந்தால் வேறு பெயர் இருந்தது.

‘வேணாம்ப்பா’.

பக்கத்து ஸீட் விக்னேஷ்வரன்தான் விளையாடுகிறான் என்று அவனைப் பிடிபிடியென்று பிடித்தாள். அவன் குலசாமி மேல் சத்தியம் செய்துவிட்டு டீ குடிக்கப் போனான். மறுபடி ‘மத்தாப்பு’ என்று மாற்றிவிட்டுக் கையை எடுத்தாள்.

டக்... டக்... டக்...

கீபோர்டில் யார் கையும் இல்லை. எழுத்துகள் ஒவ்வொன்றாக அழிந்தன. புது எழுத்துகள் வந்தன.

‘எரியுதுப்பா’.

படத்தை அழித்தாள். வெளியே முதலாளி சத்தம் போட்டார். போனில் மகள் சுகிர்தாவின் படம் இருந்தது. நம் பிள்ளைதானே, யார் கேட்கப் போகிறார்கள்? அதை வைத்து அனுப்பிவிட்டாள். கம்ப்யூட்டர் அடங்கிவிட்டது.

பெட்டிகள் அடித்து முடிந்த பிறகு, அச்சுக்குப் பிளேட் போடும் தங்கச்சாமி அண்ணாச்சியிடம் நடந்ததைச் சொன்னாள். அவர் முகம் செத்துப்போயிற்று.

“ரெட்டைச் சடையா? அது மணிகண்டராஜ் மக மாரிசெல்வில்லா. ஒனக்கு முன்னால அந்த ஸீட்ல இருந்தவன் தாயி. அவனும் ஏதோ ஒரு படத்துக்குப் பயந்துதான் சொந்தப் பிள்ள படத்த வச்சான். அந்தத் தீபாவளிக்கே... மத்தாப்புப் பொறி பாவாடையில பட்டு...”

லோடு காலையிலேயே லாரி ஏறியிருந்தது.

ஓடிப்போய்க் கம்ப்யூட்டரைத் திறந்தாள். ‘சுகிர்தா’ என்று அவள் சேமித்த படத்துக்கு இப்போது வேறு பெயர்.

‘வேணாம்மா’.